பாலத்துக்கு விழுந்த வசவு

பாலத்தை ஏற்றி இறக்கும் வேலையிலிருந்து பாலத்தக்கா ஓய்வு பெற்ற மறுநாள் காலை, உப்பங்கழியின் மேலிருந்த தூக்குப்பாலம் ஒரு மணல் படகுக்கு வழிவிட மேலே எழுந்தது. அதன்பிறகு பதினொரு நாள் இறங்கவில்லை. மோட்டாரில் பழுதில்லை, பல்சக்கரங்களில் கிரீஸ் வழிந்தது, கழியில் ஓதம் நேரம் தவறாமல் ஏறி வடிந்தது. பெரிய எஞ்சினியர் மூன்று முறை வந்து பார்த்தார். பாலம் முறைத்துக்கொண்டு நிற்கிறது என்று எழுத அறிக்கையில் இடமில்லாததால், காரணம் ஆராயப்படுகிறது என்று எழுதிவிட்டுப் போனார்.

காரணம் அக்காவுக்குத் தெரியும். முப்பத்தோரு வருஷமாக அவள் அதைத் திட்டித்தான் இறக்கினாள். விசையை அழுத்திவிட்டு ஜன்னலில் தலையை நீட்டி, "அடியே, வானத்துல என்ன வேடிக்கை? ஊரே வெயில்ல நிக்குது" என்பாள், அந்தத் துருப்பிடித்த கிழம் முனகிக்கொண்டே இறங்கும். புது ஆபரேட்டரோ ஐம்பது வயதுவரை வீட்டுப் பூனையைக்கூட 'வாங்க' என்றே கூப்பிட்டவர்.

"தயவுசெஞ்சு இறங்குங்கம்மான்னு சொல்லிப் பார்த்துட்டேங்க" என்றார் போனில்.

"அம்மாவா? அப்புறம் எங்க இறங்கும்?"

பன்னிரண்டாம் நாள், திரும்ப வேலைக்கு வரச்சொல்லிக் கடிதம் வந்தது. பாலத்துக் கூண்டுக்கு நாற்பத்திரண்டு படி. இன்னும் ஒரு மாதம் படியேறினால் முழங்கால் அவ்வளவுதான் என்று டாக்டர் கையை விரித்திருந்தார்.

"நீ செல்லம் குடுத்துக் கெடுத்து வச்சிருக்க" என்றார் கணவர்.

"திட்டினதுக்குப் பேரு செல்லமா?"

"உங்கிட்ட அப்படித்தான். எனக்குத் தெரியாதா?"

அன்றைக்கே பாலத்துக்குப் போய், அவள் கைப்பிடியைப் பற்றி மூன்றாவது படியில் மூச்சு வாங்கியபோது, கீழே கூட்டத்திலிருந்து ஒரு குரல் வெடித்தது. பதினொரு நாளும் படகில் போய் முழங்கால்வரை நனைந்த பள்ளிக்கூட டீச்சர். "ஏண்டி, உனக்குக் கொஞ்சமாவது அறிவிருக்கா? எம்பது பிள்ளைங்க அங்க காத்துக்கிடக்குதுங்க!"

பாலம் முனகியது. பாதி இறங்கித் தயங்கியது. உடனே வேன்காரர், தபால்காரர், கைவண்டிக்காரர் என்று ஆளாளுக்கு ஆரம்பிக்க, மீதியும் இறங்கிப் பொருந்தியது. அக்கா அங்கேயே உட்கார்ந்து, மூன்று படியையும் உட்கார்ந்தபடியே இறங்கினாள்.

அதிலிருந்து அதுவே வழக்கமாகிவிட்டது. படகு போனதும் புது ஆபரேட்டர் மணியடித்து, "இன்னிக்கு யாருங்க திட்டுறீங்க?" என்று பணிவாகக் கேட்பார், அவசரக்காரர் யாராவது இருப்பார். முழங்கால் ஆபரேஷன் முடிந்த வருஷம் அக்கா பேருந்தில் வந்துகொண்டிருந்தாள். பாலம் மேலே நின்றது. கண்டக்டர் அவள் பக்கம் குனிந்தார்.

"அக்கா, நீங்க ஒரு வார்த்தை சொன்னா..."

"நான் ரிடையர்டுப்பா" என்று காலை நீட்டிக்கொண்டு அவள் கண்ணை மூடினாள்.