தட்டச்சு செய்தவர்

"ஒரு கையெழுத்து. போட்டுட்டா ரெண்டு பேருக்கும் நிம்மதி," என்றார் தையல்காரர். மனைவியின் தட்டுக்குப் பக்கத்தில் ஒரு தாளை வைத்தார். அது பறக்காமலிருக்க அதன்மேல் கத்தரிக்கோலையும் வைத்தார்.

வழக்கை வாபஸ் வாங்கிக்கொள்கிறேன் என்று அதில் எழுதியிருந்தது.

"யாரு குடுத்தா?"

"உங்க மேனேஜர்தான். கடைக்கே வந்து குடுத்துட்டுப் போனார்."

"கேஸ் போட்டது நான். தாள் மட்டும் உங்க கைக்கு வருதா?"

"ரெண்டு வருஷமா கோர்ட்டுக்கு நடந்து செருப்பு தேஞ்சதுதான் மிச்சம். விட்டுத் தொலையேன்."

"அடுத்த மாசப் பரீட்சையை விட்டா எனக்கு வயசு தாண்டிடும். அப்புறம் ரிட்டயர் ஆகுறவரைக்கும் விளக்குமாறுதான்."

கோபப்படக்கூட அவளுக்கு அலுப்பாக இருந்தது. கத்தரிக்கோலை எடுத்து அவர் கையில் கொடுத்துவிட்டு, தாளை மடித்துப் பையில் போட்டுக்கொண்டு கிளம்பினாள்.

குடிநீர் வாரிய அலுவலகத்தில் அவள் துப்புரவுப் பணியாளர். அவள் அம்மாவும் அங்கேதான் பெருக்கினாள். தட்டச்சர் ஓய்வுபெற்ற பிறகு அந்த இடத்துக்கு ஆள் போடவில்லை. "உனக்கு டைப்பிங் தெரியுமாமே, இந்த ஒரு லெட்டரை அடிச்சுக் குடும்மா," என்று ஆரம்பித்தது. அந்த ஒரு கடிதம் ஒன்பது வருஷமாக முடியவில்லை. காலையில் பெருக்கி முடித்ததும் முக்காலியை இழுத்துப் போட்டு இயந்திரத்தின் முன் உட்காருவாள். தணிக்கைக்கு யாராவது வந்தால், "பெருக்குறம்மா, எழுந்துக்கோ," என்று குரல் வரும். விளக்குமாற்றைப் பிடித்துக்கொண்டு ஓரமாக நிற்பாள். அவர்கள் போனதும், விட்ட வரியிலிருந்து தொடருவாள்.

எழுத்தர் பதவிக்கான துறைத் தேர்வுக்கு விண்ணப்பித்தபோது, ஐந்து வருஷ அலுவலக வேலை அனுபவம் இல்லையென்று நிராகரித்தார்கள். "அம்மா பெருக்குன இடத்துல மகளுக்கு நாற்காலி கேக்குதாம்," என்று தலைமை எழுத்தர் சிரித்தார். அதன் பிறகுதான் அவள் கோர்ட்டுக்குப் போனாள்.

அன்று மேனேஜர், அவள் முகத்தைப் பார்க்காமல், கையால் எழுதிய ஐந்தாறு தாள்களை நீட்டினார்.

"நாலு மணிக்குள்ள வக்கீல்கிட்ட போயாகணும். ரெண்டு வாய்தா வாங்கியாச்சு, இனிமே ஜட்ஜ் தரமாட்டார்."

முதல் வரியிலேயே அவளுக்குப் புரிந்துவிட்டது. "என் கேசுக்கு நீங்க போடற பதில் மனு சார், இது."

"தெரியும்மா. இங்க வேற யாருக்கு அடிக்கத் தெரியுது, நீயே சொல்லு."

மூன்று கார்பன் வைத்து அடித்தாள். ஆறாவது பத்தியில் விரல்கள் ஒரு நிமிஷம் நின்றன. 'மனுதாரர் துப்புரவுப் பணி தவிர வேறெந்தப் பணியும் ஒருநாளும் செய்ததில்லை. அவருக்குத் தட்டச்சு தெரியாது.'

"சார், நான் வேலைக்குச் சேர்ந்த தேதி தப்பா இருக்கு. திருத்திடவா?"

"திருத்திடு, திருத்திடு. உன் கண்ணுக்கு ஒண்ணும் தப்பாது."

கடைசிப் பக்கத்தின் அடியில், 'தட்டச்சு செய்தவர்' என்று ஒரு வரி உண்டு. அதைக் காலியாக விடச் சொல்லி ஒன்பது வருஷமாக உத்தரவு. இன்று அந்த இடத்தில் தன் பெயரையும், 'துப்புரவுப் பணியாளர்' என்பதையும் அடித்து, நாலு பிரதியிலும் கையெழுத்துப் போட்டாள்.

மேனேஜர் வழக்கம்போலப் படிக்காமலே ஒவ்வொரு பக்கமாகக் கையெழுத்துப் போட்டுக்கொண்டே வந்தார். கடைசிப் பக்கத்தில் பேனா நின்றது.

"கீழே இது என்ன?"

"காலியா விடற இடம் சார். இன்னிக்கு நிரப்பிட்டேன்."

"வேற அடிம்மா."

"எனக்குத்தான் அடிக்கத் தெரியாதே சார். ஆறாவது பத்தி."

"அந்த வரியை மட்டும் மை வச்சு அடிச்சுவிட்டுடலாம் சார்," என்றார் தலைமை எழுத்தர்.

"அடித்தல் திருத்தல் இருந்தா கோர்ட்டுல வாங்கமாட்டான்யா. நீர் உட்காரும், நீர் அடியும்."

தலைமை எழுத்தர் முக்காலியில் உட்கார்ந்து, ஒற்றை விரலை நீட்டி, முதல் எழுத்தைத் தேட ஆரம்பித்தார். அவள் விளக்குமாற்றை எடுத்துக்கொண்டு அவர் காலடியில் கிடந்த கார்பன் துண்டுகளைப் பெருக்கினாள்.

"காலைக் கொஞ்சம் தூக்கிக்கோங்க சார்."

மூன்றரை மணிக்கும் தலைமை எழுத்தர் இரண்டாவது வரியைத் தாண்டவில்லை. மேனேஜர், அவள் பெயர் இருந்த கடைசிப் பக்கத்திலேயே கையெழுத்துப் போட்டு உறையை ஒட்டினார்.

சாயங்காலம் கடையில் தையல்காரர் இயந்திரத்தை நிறுத்திவிட்டுக் கேட்டார்: "போட்டியா?"

"போட்டேன். அவங்க பதில் மனுவுல, இதை அடிச்சது நான்தான்னு."

அவள் பையிலிருந்து காலையில் மடித்த தாளை எடுத்து, மடிப்பு நீவி, வெட்டுப் பலகைமேல் கவிழ்த்து வைத்தாள்.

"பின்பக்கம் வெறுமையாத்தான் இருக்கு. யாருக்காவது அளவு குறிச்சுக்கோங்க."