மிதிக்காமல் விழுந்த அடி

எங்கள் பேண்டின் பெயர் ‘எட்டு மணி நேரம்’. பெயரைக் கேட்டாலே தெரிந்திருக்கும், நாங்கள் யாரும் பணக்கார வீட்டுப் பிள்ளைகள் இல்லை. கிடார் வாசிக்கும் பீட்டருக்குக் கும்மிடிப்பூண்டி சிப்காட்டில் பெயின்ட் கம்பெனியில் வேலை. பாட்டெழுதிப் பாடும் கவிப்பிரியா பக்கத்திலேயே இன்னொரு கம்பெனியின் சோதனைப் பிரிவில் இருக்கிறாள். டிரம்ஸ் அடிக்கும் வசந்தகுமாராகிய நான், கார் பாகங்கள் செய்யும் கம்பெனியில் பேக்கிங். மூன்று பேருக்கும் லீவு ஒத்துவரும் ஞாயிற்றுக்கிழமைகளில் பீட்டர் வீட்டு மாடியில், சிமென்ட் ஷீட்டுக்குக் கீழே வெந்துகொண்டு பாட்டுப் போடுவோம். ஒன்றரை வருடம் வெந்ததில் ஒரே ஒரு பாட்டு தேறியது. அதையாவது சிங்கிளாக வெளியிடுவோம் என்று முடிவு செய்தோம்.

“சிங்கிள்னா இன்னாடா, டீயா?” என்று கேட்டாள் என் அக்கா இளமதி. கிண்டல் செய்ய அவளுக்கு முழு உரிமை உண்டு. என் முதல் டிரம் செட்டை வாங்கிக் கொடுத்தவளே அவள்தான். என் கம்பெனியிலேயே பிரஸ் செக்‌ஷனில் கான்ட்ராக்ட்டில் இருந்தாள். தகட்டை உள்ளே வைத்து, கையை எடுத்து, காலால் பெடலை மிதித்தால் மேலேயிருந்து அச்சு இறங்கி அடிக்கும். ஒரு மிதிக்கு ஒரு அடி. ஒரு நாளைக்கு மூவாயிரம் தடவை.

பாட்டு ஷிப்ட் வேலையைப் பற்றியது. வரிகள் நன்றாக வந்துவிட்டன. என் தாளம்தான் சரியில்லை. “கல்யாண ஊர்வலம் மாதிரி கீதுப்பா” என்றாள் கவிப்பிரியா. எனக்குக் கோபம் வந்தது, ஆனால் அவள் சொன்னது உண்மை.

அடுத்த வாரம் காலி அட்டைப்பெட்டிகளைத் தள்ளிக்கொண்டு பிரஸ் செக்‌ஷன் வழியாகப் போனபோதுதான் அது காதில் விழுந்தது. அக்காவின் மெஷின். டம்... டம்... டம்... திடீரென்று, டம்-டக்! அந்தக் கடைசி ‘டக்’ எதிர்பாராத இடத்தில் வந்து விழுந்தது. எனக்குப் புல்லரித்துவிட்டது. எந்த டிரம்மரும் யோசித்து அடிக்க முடியாத அடி அது.

கம்பெனிக்குள் போன் கொண்டுபோகக் கூடாது, கேட்டிலேயே வாங்கி லாக்கரில் வைத்துவிடுவார்கள். நான் பழைய போன் ஒன்றைச் சாப்பாட்டு டப்பாவில் போட்டு, மேலே இரண்டு சப்பாத்தியால் மூடி, உள்ளே கொண்டுபோனேன். ரெக்கார்டிங்கை ஓடவிட்டு டப்பாவை அக்காவின் ஸ்டூலுக்குக் கீழே வைத்தேன். முதல் நாள் ‘டக்’ ஒரே ஒரு தடவைதான் வந்தது.

“அக்கா, அந்த எக்ஸ்ட்ரா அடி இன்னும் நாலஞ்சு தபா வேணும்கா.”

அவள் மெஷினை ஒரு தடவை திரும்பிப் பார்த்தாள். “சரி, நாளைக்கும் எட்துனு வா” என்றாள்.

மூன்று நாள் பதிவு செய்தோம். மூன்றாம் நாள் ‘டக்’ மழையாகப் பொழிந்தது. அன்றைக்கு உற்பத்தியிலும் அக்காதான் முதல் என்று சூப்பர்வைசர் பாராட்டினாராம். பீட்டர் அந்தச் சத்தத்தை வெட்டி ஒட்டி, அதன்மேல் கிடாரைப் போட்டான். கேட்டு முடித்ததும் மூன்று பேரும் கட்டிப்பிடித்துக்கொண்டோம்.

பாட்டு யூடியூபில் ஏறியது. ஒரே வாரத்தில் பதினோராயிரம் பேர் பார்த்தார்கள். ஊத்துக்கோட்டை ஷேர் ஆட்டோவில் எங்கள் பாட்டு ஓடியபோது, அது என் பாட்டு என்று டிரைவரிடம் சொல்லி, அவர் நம்பாமல் போனதில்கூட எனக்குச் சந்தோஷம்தான். கமென்டில் எல்லோரும் ஒன்றையே எழுதினார்கள். ‘அந்த டக்குக்காகவே பத்து தடவை கேட்டேன்.’ ‘யாருப்பா அந்த டிரம்மர், கையில முத்தம் குடுக்கணும்.’ நான் தரையிலேயே நடக்கவில்லை.

ஒரே ஒருவர் மட்டும் வேறு மாதிரி எழுதினார். பெயர் அருணகிரி, படத்தில் முருகன். ‘இது பிரஸ் மிஷின். ரிப்பீட் அடிக்கிறது. அதில் யார் நிற்கிறார்கள்?’

யாரோ வம்புக்கு வருகிறார் என்று நினைத்தேன். ‘முருகன் நிக்கிறாரு சார்’ என்று பதில் போட்டு, சிரிக்கும் பொம்மை இரண்டைச் சேர்த்துவிட்டேன்.

மறுநாள் காலை நாஷ்டா சாப்பிடும்போது அவருடைய பதில் வந்திருந்தது. ‘சிரிக்காதே தம்பி. மிதிக்காமலே அச்சு இரண்டாவது தடவை இறங்குகிறது. அப்போது கை உள்ளே இருக்கும். எனக்கு வலது கையில் இரண்டு விரல் இல்லை. இந்தச் சத்தம் எனக்குத் தெரியும்.’

இட்லியைத் தட்டிலேயே போட்டுவிட்டு எழுந்தேன். எனக்கு அன்று மதிய ஷிப்ட். அக்கா ஆறு மணிக்கே வேலைக்குப் போயிருந்தாள். அவளுடைய போன் லாக்கரில் இருக்கும். வண்டியை எடுத்துக்கொண்டு பறந்தேன்.

கேட்டில் காவலுக்கு இருந்த சின்னராசு அண்ணன் உள்ளே விடவில்லை. நான் போட்ட கூச்சலில் சூப்பர்வைசர் விஜயகுமார் வெளியே வந்தார்.

“இளமதி மெஷின நிப்பாட்டுங்க சார், ரிப்பீட் அடிக்குது.”

“பேக்கிங்ல கீற உனக்கு எப்டி தெரியும்?”

சொன்னால் வேலை போகும். பாட்டும் போகும், கம்பெனி சத்தத்தைத் திருடியதாக நோட்டீஸ் விடுவார்கள். இதெல்லாம் மனதில் ஓடியது. ஓடிய அந்த ஒரு நொடிக்காக இன்றைக்கும் எனக்கு வெட்கமாக இருக்கிறது. போனை எடுத்துப் பாட்டைப் போட்டேன். கேட் வாசலில், லாரிகள் ஹாரன் அடிக்க, அவர் காதோடு வைத்துக் கேட்டார். முதல் ‘டக்’ வந்தபோது புருவம் சுருங்கியது. இரண்டாவது வந்தபோது போனை என் கையில் திணித்துவிட்டு உள்ளே ஓடினார். நல்ல மனுஷன். எங்கள் பாட்டுக்கு அவ்வளவு சரியான மரியாதை கொடுத்தவர் வேறு யாரும் இல்லை.

ஃபிட்டர் பிரித்துப் பார்த்தபோது, அச்சைப் பிடித்து நிறுத்தும் பிரேக் தேய்ந்து வழவழவென்று இருந்ததாம். போனை உள்ளே கொண்டுபோனதற்காக என்னை மதியத்துக்குள் வேலையைவிட்டு நிறுத்தினார்கள். பாட்டை யூடியூபிலிருந்து எடுத்துவிடுவதாக எழுதி வாங்கிக்கொண்டார்கள்.

ஷிப்ட் முடிந்து அக்கா வெளியே வந்தாள். கத்துவாள் என்று எதிர்பார்த்தேன்.

“வேலய உட்டியாடா பேமானி?” என்றாள், மெதுவாக.

“அந்த மெஷின் டேஞ்சருன்னு உனக்குத் தெரியாதாக்கா?”

“தெரியாம? ரெண்டு மாசமா அப்டிதான் அட்ச்சுக்கினு கீது. ஃபிட்டருங்ககிட்ட சொன்னேன், பாக்கலாம்னானுங்க. நான் சட்டுனு கைய இஸ்துக்குவேன்.”

“அப்போ என்கிட்ட ஏன் சொல்லல?”

அவள் சாலையைப் பார்த்தபடி சொன்னாள். “நீ ஆசயா கேட்டியே. வேகமா மிதிச்சா மெஷின் சூடாவும், சூடானா அடிக்கடி வரும். அதான் மூணாவது நாளு உடாம மிதிச்சேன்.”

நடுரோடு என்றுகூடப் பார்க்காமல் அழுதுவிட்டேன். “இன்னாடா இது பேஜாரு” என்று அவள் என் தலையில் தட்டினாள். அந்தக் கையைப் பிடித்துக்கொண்டு ஐந்து விரலையும் ஒவ்வொன்றாகத் தொட்டுப் பார்த்தேன்.

பாட்டை மறுபடி செய்தோம். இந்தத் தடவை நானே டிரம்ஸில் அடித்தேன், ‘டக்’ இல்லாமல். கமென்டில் திட்டு விழுந்தது. ‘டக் எங்கே?’ ‘உயிரே போச்சு.’ அருணகிரி மட்டும், ‘இப்போது நன்றாக இருக்கிறது தம்பி’ என்று எழுதியிருந்தார். அவரிடம் மன்னிப்புக் கேட்டுப் பதில் போட்டேன்.

அன்று மாலை புதுப் பாட்டை அக்காவுக்குப் போட்டுக் காட்டினேன். கட்டிலில் உட்கார்ந்து, இரண்டு கைகளையும் மடிமேல் வைத்து, தலையை ஆட்டிக்கொண்டே கேட்டாள். பழைய பாட்டில் ‘டக்’ விழும் இடம் வந்தது. புதிய பாட்டில் அங்கே ஒன்றும் இல்லை. ஆனாலும் அவளுடைய வலது கை வெடுக்கென்று பின்னால் இழுத்துக்கொண்டது.