மாப்பிள்ளை என்னும் நங்கூரம்

என் மாப்பிள்ளை ஒரு தொழிற்சாலையில் பாதுகாப்பு அதிகாரி. அங்கே அவருடைய அனுமதி இல்லாமல் ஒரு திருகாணிகூடத் துருப்பிடிக்காது. சொன்னது அவரே. கேட்டுக் கேட்டு என் காது புளித்த புளிப்பில் ஊருக்கே ஊறுகாய் போடலாம்.

போன ஞாயிற்றுக்கிழமை மனைவி மக்களோடு கடற்கரைக்குக் கிளம்பியவர், ஓய்வு பெற்று வீட்டில் சும்மா கிடக்கும் மாமனாரையும் காரில் ஏற்றிக்கொண்டார், பை தூக்க. விசில், சிவப்புக் கொடி, முதலுதவிப் பெட்டி, தலைக்குப் போடும் மஞ்சள் தொப்பி. அந்த மூட்டை முடிச்சுகளைப் பார்த்துக் கடலே இரண்டடி பின்வாங்கியதை நான் கண்ணால் கண்டேன்.

கடைசியாக வெளியே வந்தது துணி காயப்போடும் நைலான் கயிறு. ஒரு துண்டு பேத்தியின் இடுப்பில், இன்னொன்று பேரன் இடுப்பில். இரண்டின் மறுமுனையும், அலை தொடும் ஈர மணலில் போட்ட மாப்பிள்ளையின் பிளாஸ்டிக் நாற்காலிக் காலில். அதன்மேல் அவர் அமர்ந்தார். நாற்காலி முனகியது.

"நான் உக்காந்திருக்கிற வரைக்கும் இதுங்க எங்கேயும் போக முடியாது மாமா. நான்தான் நங்கூரம்."

"எடையில எனக்குச் சந்தேகமே இல்லீங்க மாப்பிள்ளை."

என் மகள் மட்டும் முகம் சுளித்தாள். "கயிறு வேணாங்க. நான் கூடவே நின்னுக்கிறேன்."

"நீ நின்னா என்ன, படுத்தா என்ன? மனுஷங்களை நம்பக்கூடாது, ஏற்பாட்டைத்தான் நம்பணும். உனக்கு எத்தனை தடவை சொன்னாலும் மண்டையில ஏறாது."

அவள் கயிறு உறுத்துகிறதா பார்க்கிறேன் என்று குனிந்து, பிள்ளைகளின் இடுப்பில் ஏதோ செய்தாள். பிறகு அவர்களுக்கும் கடலுக்கும் நடுவே முழங்கால் தண்ணீரில் போய் நின்றுகொண்டாள்.

"மாமா, உங்க பொண்ணு கடலுக்குக் காவல் நிக்கிறா, யாரும் திருடிட்டுப் போயிடக் கூடாதுன்னு," என்று மாப்பிள்ளை தம் நகைச்சுவைக்குத் தாமே சிரித்தார். வேறு யார் சிரிப்பார்கள்?

அப்போது அவர் கைப்பேசி அடித்தது. மேலதிகாரி. சிக்னல் சரியில்லை. நங்கூரம் எழுந்து, வண்டிகள் நிற்கும் பக்கமாக நடந்தது.

"மாப்பிள்ளை, நாற்காலி," என்று மேட்டில் பைகளுக்கு நடுவிலிருந்து கத்தினேன். ஒரு நிமிஷம் என்று எனக்கு விரலைக் காட்டினார்.

அலை வந்தது. எஜமானரைப் போலவே தலைக்கனத்தோடு நாற்காலி எழும்பி, ஒரு சுற்றுச் சுற்றி, திரும்பிய அலையோடு கடலுக்குள் கிளம்பியது. கயிறு விறைத்தது. பேரன் முகம் குப்புற விழுந்து இழுபட்டான். நான் மடியிலிருந்த பைகளைத் தள்ளிவிட்டு எழுந்தேன்.

மகள் பாய்ந்தாள். சட்டையைப் பற்றித் தூக்கி, கயிற்று நுனியை ஒரே இழுப்பு. முடிச்சு அவிழ்ந்தது. தடுமாறிக்கொண்டிருந்த பேத்தியிடம் திரும்பி இன்னோர் இழுப்பு. நாற்காலி இரண்டு வாலோடு தனியே போயிற்று.

பேரன் தண்ணீரைக் கக்கி, இருமி, அழுதான். அந்த அழுகையைப் போல் நல்ல சத்தத்தை நான் கேட்டதில்லை.

மாப்பிள்ளை விசில் ஊதிக்கொண்டே ஓடி வந்தார். நாற்காலியைப் பார்த்து ஊதினார். அது நிற்கவில்லை.

"யாரு கயித்தை அவுத்தது?"

"நான்தான்," என்றாள், மகன் தலையைத் துவட்டியபடி.

"நான் போட்ட முடிச்சு அவ்வளவு சுலபமா அவுழாதே."

"அதை அப்பவே அவுத்துட்டேன். பாப்பா ஜடைக்கு தினம் போடுற ரிப்பன் முடிச்சுதான் போட்டேன். நீங்க எந்திரிச்சுப் போவீங்கன்னு தெரியும்."

"இதான் விதிமீறல். நான் போட்ட முடிச்சு அப்படியே இருந்திருந்தா இப்போ பசங்க..."

அவருடைய கண் நாற்காலியைத் தொடர்ந்து போனது. அது வெகுதூரம் போயிருந்தது.

பேரன் மூக்கை உறிஞ்சிக்கொண்டு கையை நீட்டினான். "தாத்தா, நங்கூரம் போகுது."

"போகட்டும்டா," என்றேன். "நல்லாத்தான் மிதக்குது."