அண்ணன் மிக்ஸ் செய்த பாட்டு

அண்ணன்காரன் தன்னைப் பற்றி வைத்திருந்த அபிப்பிராயத்துக்கு அந்தப் படுக்கையறை போதவே போதாது. மடியில் லேப்டாப், காதில் ஹெட்போன், முகத்தில் ஊருக்கே இசை சொல்லிக் கொடுத்தவனின் களை. பேக்கரியில் வேலை பார்க்கும் தங்கை ஒரு ராப் எழுதி, துணி அலமாரிக்குள் தலையை நுழைத்துக்கொண்டு பாடிப் பதிவு செய்திருந்தாள். அதை அவன் மிக்ஸ் செய்து மாலைக்குள் வானொலிக்கு அனுப்ப வேண்டும். புதுக் குரல்களுக்கான நிகழ்ச்சி. தன் குரல் நாலு பேர் கேட்கிற மாதிரி இருக்கிறதா என்று தெரிந்துகொள்ள அவளுக்கு வேறு வழியில்லை.

“தகர டப்பா மாதிரி இருக்கு உன் குரல். நான் இல்லன்னா நாய்கூடத் திரும்பிப் பாக்காது.”

“தெரியும்ணா. நீயே பாத்துப் பண்ணு.”

எக்கோவை ஏற்றினான், இறக்கினான். குரலைத் தடிமனாக்கினான், பளபளப்பாக்கினான். ஒவ்வொரு திருகலுக்கும் கண்ணை மூடித் தனக்குத்தானே சபாஷ் போட்டுக்கொண்டான். கடைசியில் அவளைக் கூப்பிட்டு ஸ்பீக்கரில் போட்டுக் காட்டினான்.

அவளுக்குக் கண் கலங்கிவிட்டது. “நானாண்ணா இது? இதுக்கு மேல எதையும் தொடாத. இப்படியே அனுப்பிடு.”

“எல்லாம் கைவண்ணம்,” என்றான் பெரிய மனசு பண்ணி. அவள் வேலைக்குக் கிளம்பினாள்.

அனுப்பப் போகும்போதுதான் திரையைச் சரியாகப் பார்த்தான். மூலப் பதிவோடு ஒப்பிட்டுப் பார்ப்பதற்காக மதியம் எக்கோ முதலான எல்லா எஃபெக்ட்டையும் அணைத்தவன், மறுபடி போட மறந்திருந்தான். அதற்குப் பிறகு திருகியது அத்தனையும் வீண். அவளை அழவைத்தது அவளுடைய வெறும் குரல்.

மனுஷனாக இருந்தால் சிரித்திருப்பான். இவனுக்கு வயிறு எரிந்தது. எல்லா எஃபெக்ட்டையும் போட்டான். ஒருமுறை கேட்டுக்கூடப் பார்க்காமல் அனுப்பிவிட்டான்.

மறுநாள் வீட்டில் எல்லோரும் உட்கார்ந்து வானொலி கேட்டார்கள். அண்டாவுக்குள் தலையை விட்டுப் பேசுவதுபோல் ஒரு குரல் வந்தது. ஒரு வார்த்தைகூட விளங்கவில்லை. அறிவிப்பாளர் பாதியிலேயே நிறுத்தி, முயற்சிக்கு வாழ்த்துச் சொல்லிவிட்டு அடுத்த பாட்டுக்குத் தாவினார்.

“வீட்ல நல்லாத்தானே இருந்துச்சுண்ணா?”

“வீட்ல நான் தூக்கிப் பிடிச்சேன்மா. வெளிய போனா உள்ளது உள்ளபடிதான கேக்கும். அப்பவே சொன்னேன்ல, உன் குரல் அப்படின்னு.”

அவள் மெதுவாகத் தலையாட்டினாள்.

“சரிண்ணா. இனிமே நான் எழுதறதோட நிறுத்திக்கறேன். நீ வேற யாரையாவது பாட வை.”