ஏழெட்டு ஐம்பத்தாறு

காலர் தேய்க்கும் மேசைக்கும் பட்டன் மெஷினுக்கும் நடுவே நாலடி இடைவெளி. அந்த நாலடிக்குள்தான் பள்ளிக்கூடம் நடந்தது.

"ஏழெட்டு?" என்பாள் பட்டன்காரி, தலையை நிமிர்த்தாமலே.

இஸ்திரிப் பெட்டியைப் பிடித்தபடி காலர்க்காரி திருதிருவென்று முழிப்பாள். பன்னிரண்டாம் வாய்ப்பாடு மட்டும் அவளுக்குத் தண்ணீர் பட்ட பாடு. காலர்களைப் பன்னிரண்டு பன்னிரண்டாகக் கட்டியதில் வந்தது. மற்றதெல்லாம் ஐந்தாம் வகுப்போடு போயிற்று. பதினொரு வருஷம் நின்றதில் கெண்டைக்கால் நரம்புகள் முடிச்சு முடிச்சாகப் புடைத்திருந்தன. இனி நிற்கவே கூடாது என்று டாக்டர் சொல்லிவிட்டார். மெஷின் மிதிக்கவும் கால் வேண்டும். மிச்சம் இருந்தது சூப்பர்வைசர் வேலை ஒன்றுதான். அதற்குக் கணக்குப் பரீட்சை வைத்தார்கள்.

பெருக்கலாவது பரவாயில்லை. எக்ஸைக் கண்டாலே அவள் பென்சிலைக் கீழே வைத்துவிடுவாள். பன்னிரண்டாவது பாஸான பட்டன்காரிதான் தைரியம் சொன்னாள்.

"எதுக்குக்கா பயப்படுற? பேர் தெரியாத ஆளை 'அவங்க'ன்னு சொல்றோம்ல, அது மாதிரிதான் எக்ஸ். கணக்கு முடியறப்ப யாருன்னு தெரிஞ்சிடும்."

மூன்று வாரம் இப்படியே ஓடியது. கேள்வி கேட்கும் மும்முரத்தில் பட்டன்காரியின் பக்கம் சட்டைகள் தேங்கின. நீ சூப்பர்வைசர் ஆனால் என்னைத் திட்டவா போகிறாய் என்று அவள் சிரித்தாள்.

பரீட்சையில் கடைசிக் கேள்வி இது: முப்பது பேர் ஆளுக்கு நாற்பது வீதம் ஆயிரத்து இருநூறு சட்டை முடிக்கிறார்கள். ஆளுக்கு ஐம்பது வீதம் முடித்தால் எக்ஸ் பேர் தேவையில்லை. எக்ஸ் எவ்வளவு?

காலர்க்காரி மனசுக்குள் கட்டுக் கட்டினாள். ஐம்பது பன்னிரண்டு அறுநூறு. அதைப் போல் இரண்டு, ஆயிரத்து இருநூறு. ஆக இருபத்துநாலு பேர் போதும். எக்ஸ் ஆறு. சந்தோஷத்தில் அதன் கீழே இரண்டு கோடு போட்டாள்.

வேலை கிடைத்தது. முதல் நாள் காலை நாற்காலியில் உட்கார்ந்ததும் கால் வலி பாதி இறங்கிவிட்டது. மேனேஜர் வந்து இரண்டு தாள்களை வைத்தார். ஒன்றில் மூன்று வார உற்பத்திக் கணக்கு. இன்னொன்றில் ஒன்று முதல் ஆறு வரை எண் போட்ட வெற்றுக் கோடுகள்.

"பரீட்சையில நீங்க போட்ட கணக்குதாம்மா. உங்க வரிசையில முப்பது பேரு. குறைவா முடிச்சவங்க பேரை எழுதிக் கொடுங்க, மதியத்துக்குள்ள."

அவள் கணக்குத் தாளில் விரலை ஓட்டிக்கொண்டே போனாள். கடைசி வரியில் விரல் நின்றது. பட்டன் மெஷின். முப்பது பேரில் அதுதான் ஆகக் குறைவு.

சாப்பாட்டு மணி அடித்தது. பட்டன்காரி வந்து நாற்காலியின் முதுகைத் தட்டிப் பார்த்தாள்.

"ஏழெட்டு?"

காலர்க்காரி தாளின் மேல் உள்ளங்கையை விரித்து வைத்தாள். "அம்பத்தாறு" என்றாள்.