வசனம் வாசிப்பவள்

தொலைக்காட்சித் தொடருக்கு வசனம் எழுதுவது என் பிழைப்பு. ஒன்பது வருடமாக ஒரே தொடர். ஒருநாள் சினிமாவுக்கு எழுதுவேன் என்று நானும் சொல்லிக்கொண்டுதான் இருக்கிறேன், கேட்பவர்கள்தான் குறைந்துவிட்டார்கள்.

தினமும் காலையில் கதாநாயகியின் வசனத்தை என் மனைவி வாய்விட்டு வாசிப்பாள். நான் கண்ணை மூடிக்கொண்டு கேட்டு, வாயில் ஒட்டாத வரியை அங்கேயே வெட்டுவேன். அவளுக்குச் சம்பளம் கிடையாது, டைட்டிலில் பேரும் கிடையாது. பாராட்டு? அதை நான் மனசுக்குள் சொல்லிக்கொள்வதோடு சரி.

செவ்வாய்க்கிழமை ஏழு சீன் வாசித்தாள். கடைசியாக, “எனக்கு முடியலங்க. நான் அக்கா வீட்டுக்குப் போறேன்,” என்றவள், அதன்பின் நீளமாக ஏதோ சொன்னாள்.

“பின்னாடி இழுக்குது. ‘போறேன்’லயே நிறுத்திடு,” என்றேன், கண்ணைத் திறக்காமல்.

கதவு சாத்தும் சத்தம் கேட்டது. திருத்துவதற்காகக் காகிதத்தை எடுத்தேன். அந்த வரி அதில் இல்லை. ஏழு சீனையும் முன்னும் பின்னும் புரட்டினேன். போன வாரத்துக் கட்டையும் பிரித்தேன். என் கதாநாயகிக்கு அக்காவே கிடையாது என்பது அப்போதுதான் உறைத்தது. அலமாரியில் மனைவியின் பெட்டி இல்லை.

என்ன செய்துவிட்டேன்? நேற்று அவளைத் திட்டினேனா, இல்லை, திட்டியது என் கதாநாயகனா? தலையும் புரியவில்லை, வாலும் புரியவில்லை. சாயங்காலம் அவள் அக்கா வீட்டுக்குப் போன் போட்டேன். அக்கா போனை அவளிடம் கொடுத்தார்.

“நீ இல்லாத வீடு வீடாவே இல்ல,” என்றேன்.

“அது அறுநூத்தி பன்னெண்டாவது எபிசோடு.”

“தப்பு என்னோடதுதான். மன்னிச்சிடு.”

“அதையும் வாசிச்சிருக்கேன். மூணு தடவ.”

அவள் வராமல் போய்விடுவாளோ என்ற பயம் நிஜம். ஆனால் அதைச் சொல்ல எடுத்த ஒவ்வொரு சொல்லையும் ஏற்கெனவே யாராவது ஒரு நடிகர் பேசியிருந்தார்.

“என்ன சொல்றதுன்னே தெரியலம்மா.”

“நீங்க ஒண்ணும் சொல்ல வேணாம். காலைல நான் சொன்னதத் திருப்பிச் சொல்லுங்க, போதும். வந்துடறேன்.”

“எனக்கு முடியலங்க. நான் அக்கா வீட்டுக்குப் போறேன்,” என்றேன்.

“அப்புறம்?”

கை தானாகக் காகிதத்தைத் தேடியது.

“அதுக்கு மேல ஞாபகம் இல்லம்மா. இன்னொரு தடவ வாசியேன்.”

வாசியேன் என்றுதான் வாயில் வந்தது. அவள் போனை வைத்துவிட்டாள்.