டெல்றீனுக்குப் பதிலாகச் செத்தவள்

நான் செத்தது ஒரு செவ்வாய்க்கிழமை காலையில். அதற்கு முழுக் காரணம் கிறகரிதான் என்று என் கணவரின் அக்கா திரேசம்மா மச்சாள் இன்றைக்கும் ஊரெல்லாம் சொல்லித் திரிகிறார். பச்சைப் பொய். ஒருத்தி செத்துவிட்டாள் என்று கேள்விப்பட்டால், அது உண்மையோ என்று ஒரு போன் எடுத்துக் கேட்க மாட்டார்களா? எடுத்தாராம். நான் பதில் சொல்லவில்லையாம். செத்தவள் எப்படிப் பதில் சொல்லுவாள் என்று நினைத்தாராம். இப்படிப்பட்டவரோடு என்னத்தைக் கதைக்கிறது? நடந்ததைச் சொல்கிறேன், யார் பிழை என்று நீங்களே பாருங்கள்.

மொன்றியலில், சென்ட் லோரன்ட் பக்கம், மருந்துக் குளிசைகளைப் பெட்டியில் அடைக்கிற தொழிற்சாலையில் எனக்கு வேலை போய், வீட்டில் சும்மா இருந்த காலம். ஒருநாள் மெட்ரோவில் ஒரு இளம்பெண் என்னை மேலும் கீழும் பார்த்துக்கொண்டே நின்றாள். எனக்குப் பத்திக்கொண்டு வந்தது. என்ன பார்க்கிறாய் என்று கேட்க வாயைத் திறந்தேன், அவள் முந்திக்கொண்டு, "பொன்ஜூர் மதாம், உங்கள் உயரம் என்ன?" என்றாள். படம் பிடிக்கிற இடத்தில் பெரிய நடிகை வருமுன், அவர் நிற்கவேண்டிய இடத்தில் வேறு யாராவது நின்றுகொடுக்க வேண்டுமாம். அந்த ஆளை வைத்துத்தான் விளக்குகளைச் சரிபார்ப்பார்களாம். அதற்கு ஸ்டாண்ட்-இன் என்று பெயர். உயரமும் நிறமும் நடிகையோடு ஒத்துப்போக வேண்டும், இல்லாவிட்டால் வெளிச்சம் பிழைத்துவிடும். அந்த நடிகை ஜமேக்காவில் பிறந்து இங்கிலாந்தில் வளர்ந்தவர், டெல்றீன் பாஸ்கோ. நல்ல உயரம், நல்ல கறுப்பு. நானும் அப்படித்தான்.

எனக்குக் கலியாணம் பேசின நாளில், "தம்பிக்குக் கொஞ்சம் நிறமான பிள்ளையாப் பாத்திருக்கலாம்" என்று என் காதில் விழவேண்டும் என்றே சொன்னவர் இந்தத் திரேசம்மா மச்சாள். அன்று தொடங்கி நான் பூசாத கிறீம் இல்லை. அதில் ஒன்றாவது வேலை செய்திருந்தால் எனக்கு இந்த வேலை கிடைத்திருக்காது.

படத்தைப் பற்றி வெளியில் மூச்சு விடக்கூடாது என்று முதல் நாளே சொல்லிவிட்டார்கள். கணவர் வின்சன்டுக்கு மட்டும் சொன்னேன். எங்கள் கோயில் பங்கைச் சேர்ந்த கிறகரி அங்கே சாப்பாட்டு வான் ஓட்டுகிறவன் என்பதால் அவனுக்கும் தெரியும். வேறு ஒருவருக்கும் தெரியாது. திரேசம்மா மச்சாளுக்குத் தெரியாத ஒரு விஷயம் என்னிடம் இருந்ததே எனக்குப் பெரிய சந்தோசம்.

டெல்றீன் என்னை முதலில் கண்டபோது என்னைச் சுற்றி ஒருமுறை நடந்தார். அவர் ஆங்கிலத்தில் சொன்னதை என் வாயில் வருகிற தமிழில் சொல்கிறேன்.

"நீதானோ நான்?"

"ஓம், பின்னேரம் வரைக்கும்."

"அப்ப உனக்கு வலது முழங்கால் நோகவேணுமே."

"நோகுது."

"சரியான ஆளைத்தான் பிடிச்சிருக்கினம்" என்று பக்கத்தில் ஒரு கதிரையை இழுத்துப்போட்டு என்னை இருத்தினார். அதற்குப் பிறகு விளக்கு மாற்றுகிற நேரமெல்லாம் எங்களுக்குக் கதைதான்.

ஏழு வயதில் தாயோடு பேர்மிங்காமுக்கு வந்தவர். தாய் உடுப்புத் தொழிற்சாலையில் பொத்தான் தைத்துப் பிள்ளையை லண்டனுக்கு நடிப்புப் படிக்க அனுப்பினார். படிப்பு முடிந்து கிடைத்த முதல் வேடம் தொலைக்காட்சியில் ஒரு நோயாளி. படுத்தார், இருமினார், செத்தார். சாவு நன்றாக இருந்தது என்று எல்லோரும் புகழ்ந்தார்கள். அவரைப் பிடித்த சனியன் அந்தப் புகழ்தான். அடுத்ததில் தாதி, விசரன் ஒருவன் குத்தினான். அதற்கடுத்ததில் பொலிஸ்காரி, ஓய்வு பெறுவதற்கு முதல் நாள் சுட்டார்கள். பேய்ப்படத்தில் சத்தம் கேட்ட அறைக்கு முதலில் போய்ப் பார்த்தவர் அவர். விண்வெளிக் கப்பலில் டாக்டர், திறக்கக்கூடாத கதவைத் திறந்தவரும் அவர். ராணிக்கு வந்த நஞ்சைத் தான் குடித்த தோழியும் அவர்தான். நாற்பது வருசமாகத் திரையில் இருந்தும் ஒரு படத்திலாவது அவர் கடைசிக் காட்சி வரை உயிரோடு நின்றதில்லை. ஒரு முறை ஜமேக்காவுக்குப் போனபோது சந்தையில் ஒரு மனிசி இவரைக் கண்டு கூடையைப் போட்டுவிட்டு ஓடினாளாம்.

"அம்மா ஒவ்வொரு படத்துக்கும் அக்கம்பக்கத்துச் சனத்தைக் கூப்பிட்டு வைச்சுக்கொண்டு பாப்பா" என்றார் டெல்றீன். "பேந்து போன் எடுத்துக் கேப்பா, பிள்ளை, அவங்களுக்கு உன்னில என்ன கோவம் எண்டு. போன வருசம் செத்துப்போயிட்டா. நான் உயிரோட வீட்டை போற ஒரு படம் அவ பாக்கேல்லை."

அதைச் சொல்லும்போது அவர் சிரிக்கவில்லை.

இந்தப் படத்தை அவர் ஒப்புக்கொண்டதே அதற்காகத்தான். மொன்றியல் தெருக்களைப் பிடித்து லண்டன் என்று காட்டுகிற படம். கதாநாயகன் வாடகைக்கு இருக்கிற வீட்டின் வீட்டுக்காரி வேடம் டெல்றீனுக்கு. கொலையைக் கண்ணால் கண்டவர். கடைசியில் கோர்ட்டில் சாட்சி சொல்லி, தேவாலயத்துக்குப் போய்ப் பூசை கண்டு, கதவைத் திறந்துகொண்டு வீட்டுக்கு நடந்து போவார். அதோடு படம் முடியும். அந்தக் கடைசிப் பக்கத்தை அவர் கைப்பையில் மடித்து வைத்திருந்தார்.

அந்தப் பாழாய்ப்போன டைரக்டருக்குக் கடைசிக் கிழமையில் ஞானம் பிறந்தது. கதாநாயகனுக்குக் கோபம் போதாதாம். அவனுக்குக் கோபம் வரவேண்டுமென்றால் வீட்டுக்காரி சாகவேண்டுமாம். அதே தேவாலயம், அதே நாள், ஆனால் டெல்றீன் சவப்பெட்டிக்குள். அவர் கெஞ்சியும் பார்த்தார், சண்டையும் பிடித்தார். மனுசன் தோளைக் குலுக்கிவிட்டுப் போய்விட்டான். டெல்றீன் என்னிடம் வந்து, "இனி நான் நடிக்கேல்லை யோசெப்பின். இதுதான் கடைசிச் சாவு" என்றார். ஸ்டாண்ட்-இன் சொல்லி எந்த டைரக்டர் கேட்டிருக்கிறான்?

அந்தச் செவ்வாய்க்கிழமை விடிய முன்னரே எங்களை டவுன்டவுனில் ஒரு பழைய தேவாலயத்துக்குக் கொண்டுபோனார்கள். ஞாயிற்றுக்கிழமையிலும் ஆள் வராததால் படக்காரருக்கு வாடகைக்கு விடுகிற இடம். அன்றைக்கு ஒரு நாள்தான் அது எங்கள் கையில். எனக்கு வெள்ளைச் சட்டை போட்டு, கையில் செபமாலை சுற்றி, பீடத்துக்கு முன்னால் சவப்பெட்டியில் படுக்கவிட்டார்கள். உள்ளே வெள்ளைப் பட்டு, நல்ல தலையணை. அசையக்கூடாது என்றார்கள். நான் அசையவில்லை. சொல்ல வெட்கமாக இருக்கிறது, நித்திரையாகிவிட்டேன்.

அந்த நேரம் பார்த்துக் கிறகரி கோப்பி கொண்டு வந்திருக்கிறான். என்னைக் கண்டதும் அவனுக்குப் பெருமை பொங்கியதாம். ஒரு படம் எடுத்து எங்கள் பங்கு வாட்ஸப் குழுவில் போட்டான். கீழே, "எங்கட யோசெப்பின் அக்கா. டவுன்டவுன் பெரிய கோயில்" என்று எழுதி, அதற்குப் பக்கத்தில் கும்பிடுகிற கை ஒன்றையும் போட்டான். மரியாதைக்குப் போட்டானாம்.

ஐந்து நிமிடத்தில் முதலாவது ஆழ்ந்த இரங்கல் வந்தது. பிறகு வரிசையாக வந்தன. அந்த மடையன் போனைச் சட்டைப்பைக்குள் போட்டுவிட்டு முட்டை பொரிக்கப் போய்விட்டான். வின்சன்ட் வேலை செய்கிற விமானத் தொழிற்சாலையில் போனைப் பூட்டி வைத்துவிட்டுத்தான் உள்ளே போகவேண்டும், ஆகவே அவரையும் பிடிக்க முடியவில்லை. புருசனும் எடுக்கவில்லை, பெண்சாதியும் எடுக்கவில்லை, பெட்டி கோயிலுக்கே வந்துவிட்டது என்றால் எங்கள் சனம் என்ன நினைக்கும்?

நான் செத்ததைவிடத் திரேசம்மா மச்சாளைச் சுட்டது, செத்தவீட்டைத் தனக்குச் சொல்லவில்லை என்பதுதான். கலியாணத்துக்குச் சொல்லாவிட்டால் கோபிப்பார்கள், செத்தவீட்டுக்குச் சொல்லாவிட்டால் தலைமுறைக்கும் முகம் பார்க்க மாட்டார்கள். "என்ர தம்பி பெண்சாதியை எனக்குச் சொல்லாமல் அடக்கம் பண்ணப் பாக்கினமோ" என்று கத்திக்கொண்டே கறுப்புச் சீலையைச் சுற்றிக்கொண்டு புறப்பட்டாராம். புரோசார்டிலிருந்து இரண்டு கார், சென்ட் லோரன்டிலிருந்து ஒரு வான். மலர்வளையம் கூட வந்தது.

வாசலில் நின்ற உதவி டைரக்டர் பிள்ளைக்கு அவர்கள் யாரென்று எப்படித் தெரியும்? செத்தவீட்டுக் காட்சிக்கு ஆட்கள் வரவேண்டியிருந்தது. கறுப்பு உடுப்போடு, கண் கலங்கி, பூவோடு ஒரு கூட்டம் வருகிறது. "பொன்ஜூர், பொன்ஜூர், உள்ளே போங்கள்" என்று கதவைத் திறந்துவிட்டாள். அவர்களும் "மெர்சி" சொல்லிக்கொண்டு வந்தார்கள்.

எனக்கு முழிப்பு வந்தது திரேசம்மா மச்சாளின் குரலில். கண்ணைத் திறக்கவில்லை. வீட்டில் கனவு காண்கிறேன் என்றுதான் முதலில் நினைத்தேன்.

"என்ர ராசாத்தி, எங்களை விட்டிட்டுப் போட்டியே" என்று அவர் என் காலடியில் விழுந்து அழுதார். நெஞ்சிலிருந்து வந்த அழுகை. அவருடைய கண்ணீர் என் பாதத்தில் சுடச்சுட விழுந்தது. சத்தியமாகச் சொல்கிறேன், எனக்கு மனம் இளகிவிட்டது. இத்தனை வருசத்தில் இந்த மனிசிக்கு என்னில் இவ்வளவு பாசம் இருந்ததா என்று எனக்கே அழுகை வந்தது. அதோடு நிறுத்தியிருந்தால் நான் கிடந்திருப்பேன்.

"பொன் நிறத்தாளே" என்றார்.

நான் பல்லைக் கடித்தேன்.

"நிலவு போல வெள்ளை முகமே. ஒரு நாளாவது உன்னை ஒரு சொல்லுச் சொல்லியிருப்பனோ. உன்ர நிறத்தைப் பாத்தெல்லோ நான் தம்பிக்குக் கேட்டு வந்தனான்."

எழும்பி இருந்துவிட்டேன்.

"மச்சாள், கோயிலுக்குள்ள நிண்டு பொய் சொல்லாதேங்கோ."

பின்வரிசையில் யாரோ, மரித்தவர்கள் உயிர்ப்பார்கள் என்று வருகிற விசுவாசப் பிரமாணம் சொல்லத் தொடங்கினார். திரேசம்மா மச்சாள் மட்டும் மயங்கவும் இல்லை, ஓடவும் இல்லை. மூக்கைச் சீலைத் தலைப்பில் துடைத்துவிட்டு, "எடி, நீ சாகேல்லையோ" என்று கேட்டார். அதில் சந்தோசமும் இருந்தது, இவ்வளவு தூரம் வந்தும் ஒன்றும் நடக்கவில்லையே என்ற குறையும் இருந்தது.

"கட்" என்று மேலிருந்து ஒரு குரல் கேட்டது. டைரக்டர் கண்ணைத் துடைத்துக்கொண்டு ஓடி வந்தான். அழுதவர்களின் முகங்களை எல்லாம் கமராவில் பிடித்துவிட்டானாம். நான் எழும்பினதை மட்டும் வெட்டினால் போதுமாம். இப்படி அழுகிற ஆட்களை அவன் வாழ்க்கையில் கண்டதில்லையாம். அவனுக்குப் பின்னால் டெல்றீன் நின்றார். அவருடைய முகத்தைப் பார்த்ததும்தான் எனக்கு விளங்கியது. இப்படி ஒரு செத்தவீடு கையில் கிடைத்த பிறகு இவன் அவரை உயிரோடு விடுவானா? என் சனம் எனக்காக அழுத அழுகையே அவரைக் கொன்றுவிட்டது.

முகம் படத்தில் வருவதற்குச் சம்மதம் என்று எல்லோரும் கையெழுத்துப் போடவேண்டும் என்றார்கள். உதவி டைரக்டர் பிள்ளை முதலில் திரேசம்மா மச்சாளிடம் பேனையை நீட்டினாள். நான் பெட்டியிலிருந்து இறங்கி, எல்லாவற்றையும் அவருக்கு மளமளவென்று சொன்னேன். டெல்றீனின் தாயைப் பற்றியும் சொன்னேன். காலில் விழாத குறை.

மச்சாள் என்னைப் பார்க்கவே இல்லை. "உன்னோட நான் பேந்து கதைக்கிறன்" என்றார். பிறகு பேனையைத் திருப்பிக் கொடுத்துவிட்டு, கூட வந்த பொடியன் ஒருவனிடம் திரும்பினார்.

"உந்த டைரக்டருக்குச் சொல்லு. நான் அழுதது இவளுக்கு. இவளோட எனக்கு ஆயிரம் கோவம் இருக்கு, எண்டாலும் அழுதது இவளுக்குத்தான். அதை முன்பின் தெரியாத ஒரு ஆளுக்கு மாத்திக் குடுக்கேலாது. கண்ணீர் என்ன இரவல் சீலையோ?"

மச்சாள் போடாத கையெழுத்தை எங்கள் பங்கில் யார் போடுவார்கள்? டைரக்டர் காசு தருகிறேன் என்றான், கெஞ்சினான், பிரெஞ்சில் என்னவோ திட்டினான். ஒருவரும் அசையவில்லை.

டெல்றீன் வந்து மச்சாளின் கையைப் பிடித்தார். "எனக்காக இப்பிடி ஒருத்தரும் அழுததில்லை" என்றார். நான் அதைத் தமிழில் சொன்னேன்.

"அதுக்கென்ன" என்றார் மச்சாள். "அவ சாகேக்கை எனக்குச் சொல்லி அனுப்பச் சொல்லு. கட்டாயம் வாறன்."

நான் அதை ஆங்கிலத்தில் சொன்னதும் டெல்றீன் சிரித்த சிரிப்பில் தேவாலயமே அதிர்ந்தது.

மத்தியானம் உண்மையான துணை நடிகர்கள் வந்தார்கள். கைக்குட்டையால் கண்ணை ஒற்றினார்கள். பஸ்ஸைத் தவறவிட்டவர்கள் கூட இதைவிடக் கவலையாக நிற்பார்கள். மச்சாளின் அழுகையைக் கண்ட கண்ணுக்கு அது எப்படிப் பிடிக்கும்? டைரக்டர் திரும்பத் திரும்ப எடுத்துப் பார்த்துவிட்டு, தலையில் கையை வைத்துக்கொண்டு வாங்குப் பலகையில் இருந்துவிட்டான். வெளிச்சம் போய்க்கொண்டிருந்தது. அப்போதுதான் டெல்றீன் கைப்பையைத் திறந்து, மடித்த பக்கத்தை அவன் மடியில் வைத்தார்.

"எடுத்துத் துலை" என்கிற மாதிரி அவன் கையை வீசினான்.

எளிதான காட்சிதான். வாங்கிலிருந்து எழும்பி, நடந்து, கதவைத் திறந்து, போகவேண்டும். டெல்றீன் கதவடிக்கு வந்ததும் தோளைக் கூனிக்கொண்டு நின்றுவிட்டார். மறுபடி எடுத்தார்கள். மறுபடியும் நின்றார். கதவைத் திறந்தால் யாரோ சுடுவான், குத்துவான் என்றே அந்த உடம்பு பழகிப்போயிருந்தது. சாகாமல் எப்படிப் போவது என்று அவருக்குத் தெரியவில்லை.

நான் பக்கக் கதவால் சுற்றி ஓடி, வெளிப்படியில், கமராவுக்குப் படாத பக்கமாக நின்றேன். திரேசம்மா மச்சாளும் மலர்வளையத்தைப் பிடித்துக்கொண்டு வந்து பக்கத்தில் நின்றார். கதவு கொஞ்சம் திறந்தது.

"வாங்கோ" என்றேன் மெல்லமாக. "இஞ்ச ஒருத்தரும் இல்லை, நாங்கள்தான்."

அவர் வெளியே வந்தார். படி இறங்கினார். உள்ளேயிருந்து "கட்" என்றார்கள். அவர் நிற்கவில்லை. இன்னொருமுறை கத்தினார்கள். டெல்றீன் தொப்பியைச் சரிசெய்துகொண்டு நடைபாதையில் இறங்கி, வேலை முடிந்து மெட்ரோவுக்குப் போகிற சனத்தோடு சனமாக நடந்துகொண்டிருந்தார்.

கிறகரி கரண்டியோடு வானிலிருந்து எட்டிப் பார்த்தான். "அக்கா, கட் சொல்லியாச்சு, அவ எங்கை போறா?"

"வீட்டை போறா" என்றேன். "விடு."